அருவியா, குளியலறையா?

பொள்ளாச்சியிலிருந்து ஆழியாறு தாண்டிக் குரங்கு அருவிக்கு வருகிறவர்கள் அருவியைப் பார்க்கத்தான் வருகிறார்களா, அல்லது வீட்டில் குழாய் வறண்டுவிட்டதா என்பது எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. ஆனைமலைப் புலிகள் காப்பகத்துக்குள் விழும் தண்ணீரில் நின்றுகொண்டு, ஷாம்பூ பாக்கெட்டைப் பல்லால் கடித்துக் கிழித்து, கிழிந்த முனையைப் பாறை இடுக்கிலேயே துப்பிவிட்டு, தலை நிறைய நுரை கட்டுகிறார் ஒரு கனவான். பக்கத்தில் இன்னொருவர் ஒலிபெருக்கியில் குத்துப்பாட்டு போட்டு மரங்களை மகிழ்விக்கிறார். குரங்குகளுக்குத் தீனி போடக் கூடாதென்ற பலகைக்கு நேர் கீழே நின்று முறுக்கை நீட்டிய குடும்பத்தலைவர், குரங்கு மொத்தப் பையையும் பிடுங்கிக்கொண்டு ஓடியதும், இங்கே பாதுகாப்பே இல்லையென்று கூச்சலிடுகிறாரே, அவரை எந்தக் கணக்கில் சேர்ப்பது? வால்பாறைக்கு ஏறும் 40 கொண்டை ஊசி வளைவுகளில் எங்காவது வரையாடு தென்பட்டுவிட்டால், அத்தனை வண்டியும் நடுச்சாலையிலேயே நின்றுவிடுகிறது; வரையாடு என்ன, மாப்பிள்ளை ஊர்வலமா போகிறது?