ரேச்சல் லோ யாருக்கும் உதவியாளர் அல்ல

பிரிட்டிஷ் சினிமா வரலாற்றைப் பல தொகுதிகளாக எழுதியது ரோஜர் மேன்வெல், ரேச்சல் லோ அவருக்குக் குறிப்பெடுத்துக் கொடுத்தவர், அந்தப் புத்தகத் தொடரும் 1950-லேயே நின்றுவிட்டது என்று ஒரு நண்பர் எழுதியிருக்கிறார். இரண்டுமே தவறு.

1948-இல் வந்த முதல் தொகுதியில் (1896-1906) மட்டும்தான் இருவர் பெயரும் உண்டு. அதிலும் லோவின் பெயர்தான் முதலில். 1949, 1950-இல் வந்த அடுத்த இரண்டு தொகுதிகளும் அவர் தனியாக எழுதியவை. அப்புறம் நீண்ட இடைவெளி. 1920-களைப் பற்றிய தொகுதி 1971-இல் வந்தது. 1930-களின் ஆவணப்படங்கள், கல்விப்படங்கள், பிரசாரப் படங்கள் பற்றி 1979-இல் இரண்டு. கடைசித் தொகுதி 1985-இல். மொத்தம் ஏழு. 1950-க்குப் பின் வந்தவை மட்டுமே நான்கு!

அந்த உழைப்பை எண்ணிப் பாருங்கள். ஆரம்ப காலப் படங்களில் பெரும்பாலானவை அழிந்துவிட்டன. படத்தைப் பார்க்க முடியாத இடத்தில் பழைய தொழில் இதழ்களைப் புரட்டி, அந்தக் காலத் திரைத்துறையினரின் நினைவுகளைக் கேட்டுத்தான் எழுத வேண்டியிருந்தது. அதுவும் சினிமாவைப் பல்கலைக்கழகங்கள் ஒரு பாடமாகவே மதிக்காத காலத்தில். இன்றும் மௌனப்பட ஆய்வாளர்கள் முதலில் தேடிப் போவது அவருடைய தொகுதிகளைத்தான்.

"கர்னல் பிளிம்ப்" பாத்திரத்தை உருவாக்கிய கேலிச்சித்திரக்காரர் டேவிட் லோவின் மகள் இவர் என்பது உண்மைதான். ஆனால் அதை வைத்து "அப்பாவின் செல்வாக்கு" என்பது நியாயமில்லை. அந்த ஏழு தொகுதிகளும் அவருடைய சொந்த உழைப்பில் வந்தவை.