யாருக்காக கட்டுன ஆஸ்பத்திரி?

அந்த ரீல்ஸ் பத்தி வாயே திறக்கக்கூடாதுன்னு தான் இருந்தேன். ஆனா விடமாட்டேங்கறீங்க, ஆளாளுக்கு இன்பாக்ஸ்ல அனுப்பி "அக்கா உங்க டிபார்ட்மெண்ட் தானே, என்ன சொல்றீங்க"ன்னு கேட்டா நான் என்ன பண்றது. எம்எம்சி, அதான் மெட்ராஸ் மெடிக்கல் காலேஜ், அந்த செங்கல் கட்டடத்துக்கு முன்னாடி கூலிங் கிளாஸ் போட்டுட்டு நின்னு, "வெள்ளைக்காரன் ஆஸ்பத்திரி குடுத்தான், தண்ணி குடுத்தான், ஊசி குடுத்தான், இல்லன்னா மெட்ராஸே காலராவுல காலி ப்ரோ"ன்னு ஒரு தம்பி அந்த ரீல்ஸ்ல சொல்லுது. கீழ நான் ரொம்ப மரியாதையா ஒரே ஒரு கேள்வி கேட்டேன், யாருக்குக் குடுத்தான்னு. அதுக்கு வந்த பதில் தான் நீங்க எல்லாம் பாத்தீங்களே, "நன்றி கெட்ட ஜென்மங்க". அதுக்கு ஏகப்பட்ட ஹார்ட் வேற.

சரி, நன்றி கெட்ட ஜென்மமாவே பேசறேன்.

ஜிஹெச், அதான் சென்னை அரசு பொது மருத்துவமனை, ஆரம்பிச்சது 1664ல, ஜார்ஜ் கோட்டைக்குள்ள. கம்பெனி சிப்பாய்ங்க காய்ச்சல்ல விழுந்து செத்துட்டு இருந்தாங்க, அவங்களுக்காக சின்னதா ஒரு ஆஸ்பத்திரி. அப்புறம் எங்கெங்கயோ மாறி 1772ல இப்ப இருக்கற இடத்துக்கு வந்துச்சு. நம்ம ஜனங்களுக்கு கதவு தொறந்தது எப்ப தெரியுமா, 1842ல. 178 வருஷம்ங்க. அஞ்சாறு தலைமுறை இந்த ஊர்ல பொறந்து, கோட்டைக்கு மூட்டை தூக்கி, வாந்திபேதில செத்துப்போச்சு, அந்த ஆஸ்பத்திரி வாசல மிதிக்காமலேயே. நமக்காக கட்டலைங்க அத. இதத்தான் சொல்றேன், வேற எதுவும் சொல்லல.

1835ல மெடிக்கல் ஸ்கூல் தொறந்தாங்களே, அதுவும் நம்ம ஊருக்கு டாக்டர் வேணும்னு இல்ல. பட்டாளத்து சர்ஜனுக்கு கூடமாட நிக்க, கட்டு போட, மருந்து கலக்க ஆள் வேணும். இங்கிலாந்துல இருந்து ஒவ்வொருத்தனையா கப்பல் ஏத்திக் கூட்டிட்டு வந்தா கட்டுப்படியாகாது, அதனால இங்கயே தயார் பண்ணிக்கலாம்னு.

தண்ணி குடுத்தானாம். ஏழு கிணறு தெரியுமில்ல, ஜார்ஜ் டவுன்ல? 1772ல கேப்டன் பேக்கர் போட்ட திட்டம், தண்ணி எடுத்தது நம்ம ஆளுங்க குடியிருந்த பக்கத்துல இருந்து, போனது கோட்டைக்கு. சரி, 1872ல செங்குன்றம் ஏரியிலருந்து ஊருக்கே தண்ணி வந்துச்சே? வந்துச்சு. தொறந்த கால்வாய்ல கீழ்ப்பாக்கம் வரைக்கும் வந்து, அங்கருந்து ஃபில்டர் பண்ணாம அப்படியே பைப்புல போச்சு. மணல் ஃபில்டர் போட்டது 1914ல, மேட்லின்னு ஒரு இன்ஜினியர். நல்ல மனுஷன், வேலைய ஒழுங்கா பண்ணாரு, அதுல எனக்கு சந்தேகமே இல்ல. (அவர் பேர்ல இருக்கற மேட்லி சப்வே ஒவ்வொரு மழைக்கும் முழுகுது, அது அவர் தப்பில்ல.) ஆனா இதுக்கெல்லாம் காசு லண்டன்ல இருந்தா வந்துச்சு? வீட்டு வரி, தண்ணி வரின்னு நம்ம ஊர்ல வசூல் பண்ண காசு. ஊரான் வீட்டு நெய்யே, என் பெண்டாட்டி கையே கதை தான். இதுக்கு நாம கை கட்டி நின்னு நன்றி சொல்லணும்.

இப்ப ஒரு குரூப் கிளம்பி வரும்னு தெரியும். "அப்ப தடுப்பூசி நம்ம ஓலைச்சுவடியிலயே இருக்குன்னு ஒத்துக்கறீங்களா மேடம்"னு. உங்களுக்கும் சேத்தே சொல்லிடறேன். 1819ல மெட்ராஸ் கூரியர் பத்திரிகையில "கல்வி விரும்பன்"ங்கற பேர்ல ஒரு லெட்டர் வந்துச்சு, பெரியம்மை வராம இருக்க பசு அம்மைப்பால் குத்தறது நம்ம பழைய சமஸ்கிருத நூல்லயே இருக்குன்னு. அது ஜனங்க பயப்படாம கைய நீட்டணும்ங்கறதுக்காக இங்கிலீஷ்காரங்க தரப்புல ஜோடிச்ச கதைன்னு ஆராய்ச்சி பண்ணவங்க எடுத்து வெச்சிட்டாங்க. அவன் ஊசிய விக்க விட்ட ரீல, இருநூறு வருஷம் கழிச்சு நீங்க பெருமையா வாட்ஸ்அப்ல சுத்த விடறீங்க. அவ்ளோதான் உங்களுக்கு, போங்க.

அம்மை ஊசியால உயிர் பொழச்சாங்களா? ஆமா, கோடிக்கணக்குல. நான் ஸ்டாஃப் நர்ஸ், ஊசி வேணாம்னு சொல்ல எனக்கென்ன பைத்தியமா. ஆனா அது எப்படி வந்துச்சுன்னும் பேசலாமே. 1802 ஜூன்ல பம்பாயில ஒரு மூணு வயசுக் குழந்தைக்கு அந்த ஊசி முதல்ல பலிச்சுது, அதே வருஷம் மெட்ராஸுக்கும் வந்துருச்சு. ஃப்ரிட்ஜா இருந்துச்சு அப்ப? ஒரு குழந்தை கையில வந்த கொப்புளத்துலருந்து நீர் எடுத்து அடுத்த குழந்தை கையில, அங்கருந்து அதுக்கடுத்த குழந்தைக்குன்னு, கைக்குக் கை மாத்தி மாத்தி தான் அந்த மருந்தே உயிரோட இருந்துச்சு. மருந்து பாட்டிலே நம்ம பிள்ளைங்க கை தான்.

எங்க தாத்தா, அம்மாவோட அப்பா, அம்மை குத்தற வேலை பாத்தவர். வெள்ளைக்காரன் காலத்துலயே சேந்து சுதந்திரத்துக்கு அப்புறமும் ரொம்ப வருஷம் பாத்தாரு. ராயபுரம், காசிமேடு பக்கம் தான் அவர் ஏரியா. அவர் தெரு முனையில தலை காட்டுனாலே பிள்ளைங்கள தண்ணித் தொட்டிக்குப் பின்னாடி, நெல்லுக் குதிருக்குள்ளன்னு ஒளிச்சு வெப்பாங்களாம். மாரியம்மா கோவிச்சுக்குவான்னு பயம். இவர் யாரையும் திட்ட மாட்டாராம். கோயில் பூசாரிய பாத்து முதல்ல அவர் கையில குத்திட்டு, நெத்தி நிறைய திருநீறு பூசிக்கிட்டு தான் தெருவுக்குள்ளயே போவாராம். குத்தறதுக்கு ஒரு இரும்புக் கம்பி, முனையில பல்லு பல்லா சின்னதா ஒரு வட்டம் இருக்கும், மருந்து ஒரு சொட்டு வெச்சு அத தோல்ல அழுத்தித் திருகணும். வீட்டு டிரங்குப் பெட்டியில இன்னும் இருக்கு, என் பொண்ணு அத ஸ்க்ரூ டிரைவரான்னு கேட்டுச்சு.

குத்தறது பெரிய விஷயமே இல்லம்மான்னு சொல்வாரு. குத்துனதும் இவர் அந்தப்பக்கம் போக, தாய்க்காரி முந்தானையால அழுத்தித் துடைச்சிருவாளாம். அதனால அது காயற வரைக்கும் அந்த வீட்டுத் திண்ணையிலயே உக்காந்து, மீனு என்ன விலை, மாப்பிள்ளை எங்க பாத்தீங்கன்னு ஊர்க்கதை பேசிட்டே இருப்பாராம். மறுபடி ஒரு வாரம் கழிச்சு வந்து கொப்புளம் எழும்பிச்சான்னு பாக்கணும். சில வீட்ல தண்ணி குடுப்பாங்க, சில வீட்ல இவர் என்ன ஆளுன்னு விசாரிச்சிட்டு குடுக்க மாட்டாங்க. அந்த வீட்டுப் பிள்ளைக்கும் குத்திட்டு, அந்தத் திண்ணைக்குக் கீழ நின்னுக்கிட்டே கதை பேசி தான் காய வெச்சிருக்காரு.

சொல்லுங்க இப்ப, ஊசி குடுத்தது யாரு? 1975ல இந்த நாட்டுல கடைசி பெரியம்மை கேஸ். அதுவரைக்கும் வீடு வீடா நடந்த ஒருத்தர் பேராவது அந்த ரீல்ஸ்ல வந்துச்சா? எங்க தாத்தாவுக்கு ரிட்டையர் ஆகும்போது ஒரு குரூப் போட்டோ கூட எடுக்கல.

அடுத்த கமெண்ட் எனக்கு இப்பவே தெரியும். "வெள்ளைக்காரங்கள்ல நல்ல டாக்டர் இல்லையா?" இருந்தாங்க. 1876ல இருந்து 78 வரைக்கும் பெரிய பஞ்சம், வேலை செய்யற ஆளுக்கு ஒரு நாளைக்கு ஒரு பவுண்டு தானியமும் ஓரணாவும் போதும்னு வைஸ்ராய் அனுப்புன ரிச்சர்ட் டெம்பிள் உத்தரவு போட்டாரு. 450 கிராம், அத தின்னுட்டு மண்ணு வெட்டணும். மெட்ராஸ் சானிட்டரி கமிஷனர், அதான் சுகாதார அதிகாரி, கார்னிஷ், வெள்ளைக்காரர் தான், இது சாகறதுக்கான கணக்குன்னு அரசாங்கத்தோட மல்லுக்கட்டுனாரு. அவர கையெடுத்துக் கும்பிடறேன். ஆனா அவர் சண்டை போட்டது யாரோட? நீங்க நன்றி சொல்லச் சொல்ற அதே அரசாங்கத்தோட. அந்தப் பஞ்சத்துல கூலிக்கு வெட்டுனது தான் அடையாறையும் கூவத்தையும் சேக்கற பக்கிங்காம் கால்வாய். வெட்டுனவங்க பேர் இல்ல அதுக்கு, கவர்னர் பேர்.

ஸ்டான்லி ஆஸ்பத்திரிய வடசென்னையில இன்னைக்கும் வயசானவங்க கஞ்சித்தொட்டி ஆஸ்பத்திரின்னு தான் சொல்வாங்க. 1782 பஞ்சத்துல கஞ்சி ஊத்துன மணியக்காரர் சத்திரம், அதையொட்டி 1799ல நம்ம ஜனங்களுக்காக அண்டர்வுட்னு ஒரு சர்ஜன் ஆரம்பிச்ச வைத்தியசாலை, அதுல இருந்து வளந்தது. ரீல்ஸ் எடுக்க அங்க யாரும் போறதில்ல, பேக்ரவுண்டு நல்லா வராது போல. முத்துலட்சுமி ரெட்டி 1912ல எம்எம்சில டாக்டராகி வெளிய வந்தவங்க, 1954ல அடையாறு கேன்சர் இன்ஸ்டிட்யூட் கொண்டுவந்தாங்க, அது எவன் குடுத்தது?

"இன்னைக்கு கவர்மெண்ட் ஆஸ்பத்திரி மட்டும் என்ன லட்சணம்"னு கேக்கறவங்களுக்கு நான் பதிலே சொல்லப் போறதில்ல. ஒரு நைட்டு வந்து வார்டுல நின்னு பாருங்க, அப்புறம் பேசுவோம்.

எனக்கு உண்மையிலயே வலிக்கறது வெள்ளைக்காரன் மேல இருக்கற பாசம் கூட இல்ல. பாதாளச் சாக்கடை கொண்டுவந்தான், பைப் போட்டான்னு கட்டடத்தையும் பைப்பையும் எண்ணத் தெரியுது, அதுக்கு முன்னாடி நூறு வருஷத்துக்கும் மேல இந்த ஊர் மலத்த கூடையில அள்ளி தலையில சுமந்தவங்கள எண்ணத் தெரியல. காலரா வந்த தெருவுக்கு சுண்ணாம்பு போட்டு கழுவ யாரு போனா, டாக்டரா போனாரு? போனவங்க பிள்ளைங்க இன்னைக்கும் அதே வேலைக்குத் தான் கூப்பிடப்படறாங்க. மனுஷன் மலம் அள்ளக்கூடாதுன்னு 1993ல ஒரு சட்டம், 2013ல ஒரு சட்டம், இன்னும் குழிக்குள்ள இறங்கி விஷவாயுல சாவறாங்க, பேப்பர்ல நாலாம் பக்கம் மூலையில வருது. அவங்களுக்கு நன்றி சொல்ல எவனும் கூலிங் கிளாஸ் போட்டுக்கிட்டு வரல. "அக்கா எதுக்கெடுத்தாலும் ஜாதிய இழுக்கறீங்க"ன்னு சொல்லப் போறீங்க, சொல்லுங்க, பழகிடுச்சு. தண்ணி குடுக்க ஆள் விசாரிச்சது எங்க தாத்தா இல்ல.

நைட் டூட்டிக்கு கிளம்பணும், கமெண்டுக்கு நாளைக்கு மதியத்துக்கு மேல தான் பதில். கெட்ட வார்த்தை போட்டா ப்ளாக்.