56 ஏபிஓ எந்த ஊருன்னு இனிமே யாராவது கேட்டா கடிச்சு வெச்சிருவேன்

இன்னிக்கும் அதே கூத்து. தபால் ஆபீஸ்ல பார்சல் வாங்குற நேரம் முடிஞ்சுபோச்சேன்னு அவசரத்துல கூரியர் கடைக்குப் போனது என் தப்புதான், ஒத்துக்கிறேன். முறுக்கு டப்பாவ வெச்சு அட்ரஸ் சீட்டை நீட்டினேன். மிலிட்டரியில இருக்குற தம்பியோட நம்பர், ரேங்க், பேரு, யூனிட்டு, கேர் ஆஃப் 56 ஏபிஓ (ஏபிஓன்னா ஆர்மி போஸ்ட் ஆபீஸ்), 9-ல ஆரம்பிக்கிற பின்கோடு. அவ்ளோதான் அட்ரஸே. அந்தப் பையன் சீட்டைத் திருப்பிப் பின்பக்கம் பாக்குறான், மிச்ச அட்ரஸ் அங்க இருக்குமாம்!

"அக்கா, ஊரு எழுதலையே?" ஊரு கிடையாதுப்பா, மிலிட்டரி அட்ரஸ். "சரி, மாவட்டம்?" அதுவும் கிடையாது. "ஸ்டேட்டாவது சொல்லுங்கக்கா." டேய், அவன் எங்க இருக்கான்னு பெத்தவகிட்டயே சொல்லல, உன்கிட்ட சொல்லிருவானா? அதுக்கப்புறமும் விடல, "பக்கத்துல லேண்ட்மார்க் எதாவது...?" ஆமாப்பா, பார்டருக்கு முன்னாடி லெஃப்ட்ல ஒரு டீக்கடை, எழுதிக்கோ.

பின்கோட அடிச்சுப் பாத்தான், 'இன்வாலிட்'னு வந்துச்சு. நாட்டுல பின்கோடு வந்தது 1972-ல. 6-னா நம்ம பக்கம், 1-னா டெல்லி பக்கம்னு தெரியுற சிஸ்டத்துக்கு 9-னா ராணுவம்னு மட்டும் இன்னும் தெரியல. ஊரைச் சொல்லக்கூடாதுன்னுதானே நம்பரே குடுத்திருக்கு! 56 ஏபிஓன்னு போட்டா டெல்லில இருக்குற மிலிட்டரி தபால் ஆபீசுக்குப் போகும், 99 ஏபிஓன்னா கல்கத்தாவுக்கு, அங்கருந்து யூனிட் எங்க நிக்குதோ அங்க அவங்களே சேத்துருவாங்க, நீ ஏண்டா கூகுள் மேப்புல தேடுற?

ஆன்லைன்ல அதைவிட மோசம். சிட்டி போடலன்னா சிவப்பு ஸ்டார் காட்டி அடம்புடிக்குது. போன வருஷம் தம்பி பொறந்தநாளைக்கு ஷூ வாங்கி, போனாப் போகுதுன்னு சிட்டியில டெல்லின்னு போட்டேன், அது டெல்லியெல்லாம் சுத்திப் பாத்துட்டு பன்னெண்டாம் நாள் என் வீட்டு வாசல்லயே வந்து நின்னுச்சு. வேலூர் மாவட்டம் இது, தெருவுக்கு நாலு மிலிட்டரிக்காரன் இருக்குற ஊரு, இங்கயே இந்தக் கதின்னா?

சரின்னு டப்பாவ வீட்டுக்குத் தூக்கிட்டு வந்து, நாளைக்குக் காலையில முதல் ஆளா தபால் ஆபீஸ்ல நிக்கணும்னு ஒரு ரோல் டேப்பையும் சுத்தி முடிச்சிட்டு உக்காந்தேன். தம்பிகிட்டருந்து மெசேஜ். "அக்கா, மாங்கா ஊறுகா வெச்சியா?"

இருபத்தஞ்சு ரூபா டேப்புடா அது.