சம்பளம் வாங்கியாச்சே, அப்புறம் என்ன?

நேற்றைய சண்டையைப் பார்த்தவர்களுக்கு விளக்கம் வேண்டாம். வோல்ஃப்காங் பீட்டர்சன் இயக்கிய 'தாஸ் போட்' என்ற ஜெர்மன் நீர்மூழ்கிக் கப்பல் படத்தைப் பற்றி நான் எழுதிய நாலு வரிக்குக் கீழே ஒரு சினிமா அறிஞர் வந்து, "படம் பீட்டர்சனுடையது. கேமராமேன் சம்பளத்துக்கு வேலை பார்த்தவர். இத்தனை வருஷம் கழித்து, வருமானத்தில் பங்கு கேட்டுக் கோர்ட்டுக்குப் போனது பேராசை" என்று தீர்ப்பு எழுதிவிட்டுப் போனார். அதற்கு ஏகப்பட்ட லைக் வேறு.

அந்தக் கேமராமேன் யோஸ்ட் வக்கானோ என்ன செய்தார் தெரியுமா? நீர்மூழ்கியின் உட்புறத்தை நிஜ அளவில் செட்டாகப் போட்டு, ஹைட்ராலிக்கில் வைத்து ஆட்டினார்கள். இரண்டு பேர் எதிரெதிரே வந்தால் உரசாமல் போக முடியாது. சங்கு ஊதியதும் மாலுமிகள் வட்டத் துளைகளுக்குள் பாய்ந்து முன்பக்கம் ஓடுவார்கள். பின்னாலேயே கேமராவும் பாயும். தலையில் ஹெல்மெட், உடம்பெல்லாம் மெத்தை கட்டிக்கொண்டு அதைக் கையில் பிடித்து ஓடியவர் வக்கானோ. சின்ன அரிஃப்ளெக்ஸ் கேமராவில் கைரோஸ்கோப் (வேகமாகச் சுழன்று ஆட்டத்தைத் தடுக்கும் சக்கரம்) பொருத்தி, குலுக்கலை அடக்கும் கருவியையும் அவரே உருவாக்கினார். அந்த மூச்சிரைப்பு அவருடையது. ஆஸ்கர் பரிந்துரைப் பட்டியலில் ஒளிப்பதிவுக்கும் இடம் கிடைத்தது சும்மாவா?

நானும் ஃபோகஸ் புல்லராக, அதாவது காட்சி மங்காமல் லென்ஸைத் திருப்பிச் சரிசெய்பவனாக, இருந்தவன்தான். ஒரு படத்தில் டேப் பிடித்துத் தூரத்தை அளக்க வழியில்லாத ஷாட். கண் மதிப்பில் ஃபோகஸ் இழுத்தேன், ஓகே ஆனது. பிரிவியூவில் எல்லோரும் இயக்குநருக்குக் கைகொடுத்தார்கள். டைட்டிலில் என் பெயரே இல்லை. பாக்கிப் பணம் இன்றுவரை வரவில்லை. இதற்கும் ஜெர்மனிக்கும் என்ன சம்பந்தம் என்பீர்கள். எனக்கு இருக்கிறது.

சரி, சம்பளத்துக்கு வருவோம். வக்கானோ வாங்கியது 2,04,000 மார்க் (ஜெர்மனியின் அன்றைய நாணயம்). குறைச்சல் என்று நான் சொல்லவே இல்லை. ஆனால் படம் தியேட்டரோடு நிற்கவில்லையே? தொலைக்காட்சித் தொடர், 1997இல் டைரக்டர்ஸ் கட் (இயக்குநர் தன் விருப்பப்படி வெட்டித் தொகுத்த வடிவம்), டிவிடி என்று காசு கொட்டியது. கொடுத்த சம்பளத்துக்கும் வந்த வருமானத்துக்கும் அப்பட்டமான ஏற்றத்தாழ்வு இருந்தால் படைப்பாளி கூடுதல் பங்கு கேட்கலாம் என்கிறது ஜெர்மன் பதிப்புரிமைச் சட்டம். அவர் கேட்டதும் 2002 மார்ச்சுக்குப் பிந்தைய வருமானத்தில்தான். அதற்கே ஒவ்வொரு கோர்ட்டாக ஏறி இறங்கினார். 2021இல் வழக்கு மறுபடி கார்ல்ஸ்ரூஹே நகரிலுள்ள ஜெர்மன் உச்ச நீதிமன்றத்துக்கு வந்தபோது அவருக்கு வயது 87. பேராசைக்காரருக்கு இவ்வளவு பொறுமை இருக்குமா சார்?

"அப்படியானால் எல்லா டெக்னீஷியனும் பங்கு கேட்பானே!" கேட்கட்டுமே. உங்கள் பாக்கெட்டிலிருந்தா போகிறது?

"பீட்டர்சன் இல்லாமல் படமே இல்லை." யார் இல்லை என்றது? அவரைப் புகழ ஊரே இருக்கிறது. 'ரோபோகாப்', 'டோட்டல் ரீகால்' பார்த்து விசில் அடித்தீர்களே, அதற்கெல்லாம் ஒளிப்பதிவு யார் என்று அன்றைக்குக் கேட்டீர்களா? இதே வக்கானோதான். அப்போது வராத அக்கறை, அவர் பணம் கேட்டதும் பொத்துக்கொண்டு வருகிறது.

கமென்ட் பகுதி திறந்தேதான் இருக்கும். "சம்பளம் வாங்கினாரே" என்று மட்டும் மறுபடி ஆரம்பிக்காதீர்கள், பிளாக் செய்துவிடுவேன்.