கலிபோர்னியா சட்டத்தில் ஊசி எங்கே இருக்கிறது?

'சூசன் எக்மன் கொண்டுவந்த சட்டத்தால் கலிபோர்னியாவில் டாக்டர்கள் முதியவர்களுக்கு ஊசி போட்டுக் கொல்லலாம்' என்று, அந்த மாநிலச் சட்டமன்ற உறுப்பினராக இருந்த எக்மனைப் பற்றி ஒருவர் எழுதியிருக்கிறார். தவறு. அந்தச் சட்டத்தில் வயதானவர் என்பதற்காக யாருக்கும் இடமில்லை. தீராத நோயால் ஆறு மாதத்துக்குள் இறந்துவிடுவார் என்று இரண்டு மருத்துவர்கள் உறுதிசெய்த, சுயமாக முடிவெடுக்கக்கூடிய, 18 வயது நிரம்பியவர்தான் தன் உயிரை முடித்துக்கொள்ள மருந்து கேட்க முடியும். அந்த மருந்தையும் அவரே உட்கொள்ள வேண்டும். வேறொருவர் ஊசி போட்டால் குற்றம்.

அப்புறம், இது எக்மன் தனியாளாகச் சாதித்ததும் இல்லை. 2015-இல் செனட்டர்கள் லோயிஸ் வோல்க், பில் மோனிங் கொண்டுவந்த மசோதா மாநில மேலவையான செனட்டைத் தாண்டியும் கீழவைக் குழுவில் முடங்கியது. பிறகுதான் சமூகப் பணிப் பேராசிரியராக இருந்த எக்மன், சிறப்புக் கூட்டத்தொடரில் அதைப் புது மசோதாவாக எடுத்துவந்தார். குறுக்கு வழி என்று எதிர்த்தரப்பு கத்தியது; அதில் கொஞ்சம் நியாயம் உண்டுதான். ஒருகாலத்தில் பாதிரியாராகப் பயின்ற ஆளுநர் ஜெர்ரி பிரவுன் அக்டோபரில் கையெழுத்திட, 2016 ஜூன் 9 முதல் அமலுக்கு வந்தது.

மருந்து கேட்பவர் காத்திருக்க வேண்டிய காலத்தை எக்மன் பின்னர் அடியோடு ஒழித்துவிட்டார் என்பதும் சரியில்லை. செனட்டரான பின் 2021-இல் எக்மன் கொண்டுவந்த திருத்தம், இரண்டு வாய்மொழிக் கோரிக்கைகளுக்கு இடையிலான 15 நாளை 48 மணி நேரமாகக் குறைத்தது, அவ்வளவுதான்.