அந்தக் கடைசி முட்டையை யாருய்யா கேட்டா?

நம்ம ஊர் சின்ன பட்ஜெட் ஜந்துப் படங்களைத்தான் சொல்றேன். வடசென்னைப் பக்கம் எண்ணூர் முகத்துவாரத்துல ராட்சச ஜந்து. சாம்பல் கலந்த தண்ணி, பின்னாடி அனல்மின் நிலையச் சிம்னி, நெட்டுக்குப்பத்துல ரெண்டு பேரைக் காணோம். ஆரம்பம் எல்லாம் ஜோராத்தான் இருக்கு. கடைசிப் பத்து நிமிஷம் வந்ததும் எல்லா டைரக்டரும் ஒரே பிட்டைப் பார்த்து எழுதுறான். ஹீரோ கேஸ் சிலிண்டரை உருட்டி விடுறான், ஜந்து வாயைப் பொளக்குது, ஒரே ஒரு தோட்டா, டமால்! ஆரஞ்சு கலர்ல ஒரு பந்து. கட் பண்ணா விடியற்காலை. ஹீரோயின் தோள்ல போர்வை, ஆம்புலன்ஸ் லைட் சுத்துது. அப்போ கேமரா மட்டும் தனியா நழுவிச் சேத்துக்குள்ள போகும். அங்கே ஒரு முட்டை. விரிசல். கீச். படம் முடிஞ்சுது.

யோவ், அந்த முட்டையை யாருய்யா கேட்டா?

கேட்டா, "பட்ஜெட் இல்ல பாஸ்"னு ஒரு ரெடிமேட் பதில் வெச்சிருக்கான். பட்ஜெட் இல்லாததால ஜந்து சின்னதா இருக்கலாம், பல்லு பிளாஸ்டிக்கா இருக்கலாம், அதை நாங்க மன்னிச்சுட்டோம். முடிவு கெட்டுப் போறது காசால இல்ல, ஷெட்யூலால. பன்னெண்டு நாள் ஷூட்டிங்னா கிளைமாக்ஸைக் கொண்டுபோய்ப் பன்னெண்டாவது ராத்திரி வைக்கிறான். அந்த ராத்திரி கையில என்ன மிச்சம்? ஜெனரேட்டர்ல டீசல் இல்ல, அசிஸ்டென்ட் பாதிப் பேர் வேற படத்துக்குக் கழண்டுட்டான், ஆள் உள்ள புகுந்து நடிக்கிற ஜந்து டிரெஸ் கந்தல்.

டிரெஸ் ஏன் கந்தல் ஆகுதுன்னு தெரியுமா? ஃபோம் ஷீட்டை வெட்டி ஒட்டி, மேல லேடெக்ஸ்ங்கிற ரப்பர் பாலை நாலஞ்சு கோட் அடிச்சுச் செய்யறது அது. முதல்ல பிய்யறது அக்குள், அப்புறம் தொடை இடுக்கு, அப்புறம் முட்டிக்குப் பின்னாடி. உள்ள இருக்கிற ஆள் மெட்ராஸ் வெயில்ல வியர்த்துக் கொட்டறதுல ஒட்டு விடும். தண்ணிக்குள்ள இறக்கினா ஃபோம் அத்தனையும் குடிச்சுடும், எடை தாறுமாறா ஏறும், உள்ள இருக்கிறவன் உசுருக்கே ஆபத்து. மறுநாள் காயவும் காயாது, நாறும். அவசரத்துக்கு வெயில்ல போட்டா லேடெக்ஸ் விரிசல் விடும். இவ்வளவும் ஆன பிறகு பன்னெண்டாவது ராத்திரி க்ளோஸ்-அப் கேட்டா எப்படி வைப்பான்? அதான் புகையைப் போட்டு, லைட்டை அணைச்சு, ஆரஞ்சு பந்தைப் போட்டு மூடிடறான்.

சாவுற சீனை ரெண்டாவது நாள், மூணாவது நாளே எடு. டிரெஸ் புதுசா இருக்கும், ஆளுக்கும் தெம்பு இருக்கும். காய்ஞ்ச ஷாட் எல்லாம் முடிச்சுட்டுத்தான் தண்ணி. தண்ணிக்குன்னு தனியா, ஆள் இல்லாத மேல் பாதி பொம்மை ஒண்ணு செய். அதை ஈ.வி.ஏ. ஃபோம்ல செய், செருப்புக்குப் போடுற மாதிரி ஃபோம் அது, தண்ணி குடிக்காது. ஆனா மிதக்கும். அதுக்கு வலையில கட்டுற ஈயக் குண்டைக் கட்டு, காசிமேட்டு மீன்பிடித் துறைமுகத்துல வலை சாமான் விக்கிற கடையிலேயே கிடைக்கும். பொம்மைக்கு மட்டும். ஆள் போட்டிருக்கிற டிரெஸ்ல குண்டு கட்டினா அது சினிமா இல்ல, கொலை.

இப்போ சிலிண்டர் மேட்டருக்கு வருவோம். வீட்டுச் சிலிண்டர்ல 14.2 கிலோ கேஸ், பெரும்பகுதி திரவமா இருக்கு. தோட்டா துளைச்சா புஸ்ஸுன்னு வெள்ளையா ஜில்லுனு பீச்சும். அவ்வளவுதான். பத்திக்கணும்னா கேஸ் காத்தோட சுமார் 2 முதல் 9 சதவீதம் வரைக்கும் கலக்கணும், பக்கத்துல நெருப்பும் இருக்கணும். சிலிண்டரே வெடிக்கணும்னா வெளியில தீ எரிஞ்சு, உள்ள திரவம் கொதிச்சு, பிரஷர் ஏறி, இரும்பு இளகணும். அதுக்குப் பல நிமிஷம் ஆகும். பல நிமிஷம்! டைரக்டர் சார், காதுல விழுதா? கிளைமாக்ஸே அதுதான்யா. தீ எரியுது, சிலிண்டர் சூடாகுது, எப்போ வெடிக்கும்னு யாருக்கும் தெரியாது, அதுவரைக்கும் ஜந்துவை அந்த இடத்தை விட்டு நகர விடக்கூடாது. நிஜ அறிவியல் சும்மா தூக்கிக் கொடுக்கிற சஸ்பென்ஸை வேணாம்னு தள்ளிட்டு, ஒரு தோட்டாவுல முடிக்கிறான்.

அந்த ஆரஞ்சு பந்தும் இன்டர்நெட்ல எடுத்த கறுப்புப் பின்னணி கிளிப். எடிட்டிங்ல 'ஸ்கிரீன்' மோட்ல, அதாவது கறுப்பு மறைஞ்சு வெளிச்சம் மட்டும் தெரியுற மாதிரி, மேல ஒட்டிட்டான். ஊரே எரியுற வெளிச்சம், ஆனா பக்கத்துல நிக்கிற ஹீரோ மூஞ்சியில ஒரு பொட்டு வெளிச்சம் விழல, தண்ணியில பிரதிபலிப்பு இல்ல. ஷூட்டிங் அன்னிக்கே ஒரு எல்.இ.டி. லைட்டுக்கு முன்னாடி ஆரஞ்சு ஜெல், அதான் கலர் கண்ணாடித்தாள், போட்டு, வெடிக்கிற நொடியில சட்டுனு ஏத்தி மெல்ல இறக்கியிருந்தா பாதி நம்பியிருப்போம்.

மாடல் வெச்சு எரிக்கிறவங்க இன்னொரு தப்பு பண்றாங்க. சின்னப் படகை எரிச்சு, சாதாரணமா நொடிக்கு 24 ஃபிரேம்லயே எடுக்கறது. அது பெரிய தீயா தெரியாது, கொசுவர்த்தியாத்தான் தெரியும். மாடல் எத்தனை மடங்கு சின்னதோ, அதோட வர்க்கமூலத்தால ஃபிரேமைப் பெருக்கணும். 15 மீட்டர் விசைப்படகை 60 சென்டிமீட்டர்ல செஞ்சா 25 மடங்கு சின்னது. வர்க்கமூலம் 5. அப்போ 120 ஃபிரேம். இன்னிக்கு ஒரு சுமாரான செல்போன்லயே அது இருக்கு. ஆனா தண்ணிக்கு இந்தக் கணக்கு அவ்வளவா உதவாது. துளியோட சைஸ் மாறாது, ஸ்லோமோஷன்ல கூடப் பக்கெட் தண்ணின்னு காட்டிக் கொடுத்துடும்.

காசு இல்லாம நல்லா முடிச்ச ஆளே இல்லையா? 1958-ல வந்த 'தி பிளாப்' சின்ன பட்ஜெட் படம்தான். ஜந்துன்னு பார்த்தா ஒரு சிவப்புக் கூழ். நடுவுல ஹீரோவும் ஹீரோயினும் மளிகைக் கடை ஃப்ரீசருக்குள்ள ஓடி ஒளியறாங்க, கூழ் கதவுக்கு அடியில எட்டிப் பார்த்துட்டுப் பின்வாங்கிடுது. ஏன்னு அப்போ யாரும் விளக்கறதில்ல. கடைசியில தீயணைக்கிற கார்பன் டை ஆக்ஸைடு பட்டதும் அது சுருங்குது, அப்போதான் ஹீரோவுக்கு மண்டையில உறைக்குது, இதுக்குக் குளிர் ஆகாதுன்னு. ஸ்கூல்ல இருக்கிற கருவிகளை எல்லாம் தூக்கிட்டு வந்து உறைய வெச்சு, ஆர்க்டிக்ல கொண்டுபோய்ப் போட்டுடறாங்க. 'முற்றும்'ங்கிற எழுத்து வந்து, அது அப்படியே கேள்விக்குறியா மாறும். நம்மாளுங்க அந்தப் படத்துல இருந்து என்னத்தைக் கத்துக்கிட்டாங்க? கேள்விக்குறியை மட்டும் எடுத்துக்கிட்டாங்க. ஃப்ரீசரை விட்டுட்டாங்க.

'ஜாஸ்' (1975) பெரிய படம், இந்தச் சிலிண்டர் வியாதியில பாதி அதுல இருந்து வந்ததுதான். அதுல ஹீரோ, சுறா வாயில மாட்டின அழுத்தக் காத்து டேங்கைச் சுட்டு வெடிக்க வைப்பான். நிஜத்துல அப்படி டேங்கைச் சுட்டா ராக்கெட் மாதிரி சீறிக்கிட்டுப் போகுமே தவிர அப்படி வெடிக்காது. ஆனா அந்த டேங்க்ல கை வெச்சா வெடிக்கும்னு படகுல ஒருத்தன் முன்னாடியே கத்தியிருப்பான். நம்ம படத்துல சிலிண்டர் எங்கிருந்து வந்துச்சு? சேத்து நடுவுல, ராத்திரி ரெண்டு மணிக்கு, ஃபுல் சிலிண்டரோட யாருப்பா வந்தது?

காசிமேட்டைக் கதைக்களமா வெச்சுட்டு அங்க இருக்கிறது எதையுமே தொடாம முடிக்கிறான் பாரு, அங்கதான் எனக்கு பி.பி. எகிறுது. துறைமுகம் பூரா ஐஸ். குளிர் வேணும்னா ஃப்ரீசர் தேடி அலைய வேணாம், ஐஸ் உடைக்கிற மெஷினே நிக்குது. ஏப்ரல் 15-ல இருந்து ஜூன் 14 வரைக்கும் 61 நாள் மீன்பிடித் தடைக்காலம், விசைப்படகு மொத்தமும் கரையில கட்டிக் கிடக்கும். கடலுக்கு யாரும் போகாத ரெண்டு மாசத்துல கடல்ல ஒண்ணு வளருதுன்னா கதை அங்கேயே ரெடி. படகுல வயரைச் சுத்தி இழுக்கிற வின்ச் இருக்கு, வயர் ரோப் இருக்கு, இழுவலை இருக்கு. வலை கடலடியில எதுலயாவது மாட்டிக்கிட்டா பிரேக்கை லூஸ் பண்ணி வயரை விடணும், விடலேன்னா பின்பக்கம் தண்ணி ஏறிப் படகே உட்கார்ந்துடும். எந்த டிரைவரண்ணன்கிட்ட கேட்டாலும் சொல்வார். அந்த ஒரு விஷயம் போதும், ஜந்துவைக் காட்டவே வேணாம். வயர் விறைக்கிறது, டிரம் கிறீச்சிடுறது, படகோட பின்பக்கம் தாழறது, பிரேக் மேல கை, விடலாமா வேணாமான்னு பார்க்கிற மூஞ்சி. அனுமதி வாங்கி, கட்டிக் கிடக்கிற படகுலயே, கரையில இருந்து பத்துப் பேர் கயித்தை இழுத்தா இந்த ஷாட் எல்லாம் கிடைச்சுடும்.

ஜந்துவைக் காட்டியே தீரணும்னா ராத்திரியில கேமராவோட ஐ.எஸ்.ஓ.வை, அதான் வெளிச்சத்தை உணர்ற அளவை, 3200 வரைக்கும் ஏத்தி வெச்சுப் புள்ளி புள்ளியா எடுக்காதே. நம்ம கடல் கிழக்கைப் பார்த்தது. விடியற்காலை சூரியன் ஜந்துவுக்குப் பின்னாடி இருக்கும், வெறும் கறுப்பு உருவமாத் தெரியும், பிஞ்ச அக்குள் தெரியாது. இருபது நிமிஷம் கிடைக்கும், லைட்டு வாடகை இல்ல. (காசிமேட்டுக் கடலுக்குள்ள சூரியன் அஸ்தமிக்கிற மாதிரி காட்டுன மகானை என்ன சொல்றது.)

முட்டைக்கு ஏன் இத்தனை பேர் விழறான்னா, சல்லிசு. பலூன் மேல பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ், ஜவ்வரிசிக் கஞ்சியில கிளிசரினும் பச்சை ஃபுட் கலரும் கலந்தா வழவழப்பு, வேலை முடிஞ்சுது. செய், நான் வேணாம்னு சொல்லல. ஆனா "இது ஒண்ணே ஒண்ணுதான், இதுக்கு ஜோடியே கிடையாது"ன்னு முக்கால் மணி நேரம் ஒரு விஞ்ஞானியைப் பேச விட்டுட்டு முட்டையைக் காட்டாதே. கொமோடோ உடும்பு ஆண் துணை இல்லாமலே முட்டை போட்டுக் குஞ்சு பொரிக்கும்னு 2006-ல இங்கிலாந்து மிருகக்காட்சி சாலைகள்ல நிரூபணம் ஆச்சு. விஞ்ஞானி வாயில அந்த ஒரு வரியைப் போட்டிருந்தா, முட்டையைப் பார்த்ததும் நிஜமாவே வயித்தைக் கலக்கியிருக்கும். இப்போ கொட்டாவிதான் வருது.

அதோட விட்டானா? 80 நிமிஷம் தேறணும்னு பெயர்ப்பட்டியலை எழுத்தெழுத்தா, ஆமை வேகத்துல ஆறு நிமிஷம் ஓட்டுறான். பதினஞ்சு பேர் வேலை செஞ்ச படம்யா அது. கதை, திரைக்கதை, வசனம், சண்டை, முட்டை எல்லாம் ஒரே ஆள். அந்த ஆறு நிமிஷத்தை முன்னாடி தள்ளியிருந்தா சிலிண்டர் நிதானமா சூடாகியிருக்கும்.