இந்த முகம் வர நாளாகும்

மழை ராத்திரி. வீட்டுக்காரர்கள் ஊரில் இல்லை. காலிங் பெல் விடாமல் அடிக்கிறது. வாசல் கேமரா திரையில் தொப்பலாக நனைந்த ஒரு முகம், மூக்குக் கண்ணாடி, வீங்கிப்போன உதட்டோரம். அந்த உதட்டோடு பல்லைக் காட்டிச் சிரித்து, உள்ளே விடச் சொல்லிக் கெஞ்சுகிறார். 'பாரசைட்' என்ற கொரியப் படத்தைப் பார்த்த யாருக்கும் அது மறக்காது. அந்த வீட்டின் பழைய வேலைக்காரம்மா அவர். அவரை அடித்தது யார் என்று படம் கடைசிவரை சொல்வதில்லை. மேக்கப்காரர் வைத்த அந்த வீக்கத்தைப் பார்த்து நாமே ஒரு கதையைக் கட்டிக்கொள்கிறோம்.

அதே அம்மாதான் படத்தின் ஆரம்பத்தில், தோட்டத்தில் தூங்கி வழியும் எஜமானியின் முகத்துக்கு நேரே படாரென்று கைதட்டி எழுப்புவார். எவ்வளவு மிடுக்கு!

அந்த நடிகையின் பெயர் லீ ஜங் உன். 'பாரசைட்' கதை விஜய் நடித்த 'மின்சார கண்ணா'விலிருந்து எடுத்தது என்று நம் ஆட்கள் சண்டை போட்ட நாட்களில் நான் இவர் நடித்ததைத் தேடித்தேடிப் பார்த்துக்கொண்டிருந்தேன். 1970இல் பிறந்தவர். 90களின் தொடக்கத்திலிருந்தே நாடக மேடை. 'பாரசைட்' இயக்குநர் போங் ஜூன் ஹோவின் 'மதர்' (2009) படத்தில் துக்க வீட்டு உறவுக்காரராக வந்து போனார். 2017இல் அவருடைய 'ஓக்ஜா' படத்தில் வரும் பன்றிக்குக் குரல் கொடுத்தார். ஆமாம், பன்றிக்கு! அப்புறம்தான் 'பாரசைட்'.

"பாவம், இவ்வளவு லேட்டாகவா கவனித்தார்கள்" என்று எழுதுகிறவர்களைப் பார்த்தால் எனக்கு எரிச்சல் வரும். 2019இல் கொரியாவின் ப்ளூ டிராகன் திரைப்பட விருது மேடையில் சிறந்த துணை நடிகை விருது வாங்கியபோது அவரே இதற்குப் பதில் சொல்லிவிட்டார்: இந்த முகமும் இந்த உடம்பும் வருவதற்கு இத்தனை காலம் தனக்குத் தேவைப்பட்டது என்று.

எனக்கு வேறொரு குறை உண்டு. அதே வருஷம் 'வென் தி கமெலியா ப்ளூம்ஸ்' என்ற கொரியத் தொடரில், தன்னைவிடப் பத்தே வயது சின்னவரான நடிகை கோங் ஹ்யோ ஜினுக்கு இவரை அம்மாவாக்கினார்கள். பிரமாதமாகச் செய்தார், சரி. ஆனாலும் பத்து வயதுதானே!

2024இல் வந்த 'மிஸ் நைட் அண்ட் டே' தொடர் அந்தக் கணக்கைக் கொஞ்சம் நேர் செய்தது. வேலை தேடும் இளம்பெண் ஒருத்தி பகலில் மட்டும் ஐம்பது வயதுக்காரியாக மாறிவிடுகிறாள். ராத்திரிப் பெண்ணாக இன்னொரு நடிகை, பகலுக்கு இவர். நரை ஒட்டி, சுருக்கம் வரைந்து ஒரே ஆளை வைத்து ஒப்பேற்றவில்லை. ஐம்பது வயது உடம்புக்குள் மாட்டிக்கொண்ட சின்னப்பெண்ணை இவர் நடையிலேயே கொண்டுவந்துவிடுகிறார். இன்னும் மூன்று எபிசோடு பாக்கி. கதையைச் சொல்லிவிடாதீர்கள்.